அடுத்து வாறவளுக்கு

பாறசாலைச் சந்தையிலிருந்து கிழக்கே இறங்கிப் போகும் வழியில் ஓர் ஓட்டு வீடு இருந்தது. நடுவில் சுவர் எழுப்பி, ஒரு வீட்டை இரண்டாக்கி வாடகைக்கு விட்டிருந்தார்கள். ஒரு பாதியில் நானும் என் கணவரும். மறுபாதியில் ஆட்கள் மாறிக்கொண்டே இருப்பார்கள். நான் கல்யாணமாகிக் காஞ்சிரங்குளத்திலிருந்து வந்த நாள் முதல் அந்தப் பாதிக்கு எத்தனையோ குடும்பங்கள் வந்தன, போயின. பலருடைய முகம்கூட இப்போது நினைவில் இல்லை. அந்த அக்காவை மட்டும் மறக்க முடியவில்லை. இத்தனைக்கும் அவள் அங்கே இருந்தது கொஞ்ச காலம்தான்.

அவளுடைய கணவர் தமிழ் வகுப்பு வாத்தியார். ஊரே அவரைச் சார் என்றுதான் கூப்பிடும். மெலிந்த, சத்தம் எழாத மனிதர். அடிக்கடி மாற்றல் வரும் வேலை. சாரும் அவளும் மட்டும்தான். ஒரு மாட்டுவண்டியில் அவர்களுடைய சாமான் முழுவதும் அடங்கிவிட்டது. அதிலும் வண்டிக்காரன் படுத்துக்கொள்ள இடம் மிச்சமிருந்தது.

அவர்கள் வந்த அன்று அந்தப் பாதி இருந்த கோலத்தைப் பார்த்து எனக்கே வெட்கமாகப் போயிற்று. முன்னால் இருந்தவர்கள் வீட்டுச் சொந்தக்காரரோடு சண்டை பிடித்துக்கொண்டு போனவர்கள். போகிற போக்கில் அடுப்பை இடித்துப் போட்டிருந்தார்கள். கிணற்றுக் கப்பியைக் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். மூலையில் மக்கிப்போன பாய், அதற்கடியில் மீன் செதில். இன்னொருத்தியாக இருந்தால் வாசலில் நின்று வாயில் வந்ததையெல்லாம் சொல்லியிருப்பாள். அக்கா சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு உள்ளே போனாள். பாயைச் சுருட்டி வெளியே போட்டாள்.

"பாவம், என்ன மனவருத்தத்தில எறங்கிப் போனாவளோ" என்றாள். பிறகு என்னைப் பார்த்து, "மக்கா, ஒனக்க துடைப்பத்தைக் கொஞ்சம் தருவியா? எனக்கது வண்டிக்க அடியில கெடக்கு" என்றாள்.

அன்று சாயங்காலத்துக்குள் புதிய அடுப்புப் பூசியாகிவிட்டது. அவள் அந்த வீட்டில் பிறந்து வளர்ந்தவள் போலப் படியில் உட்கார்ந்து தலை சீவிக்கொண்டிருந்தாள்.

வாடகை வீடுதானே என்கிற அலட்சியம் அவளிடம் கிடையாது. வந்த வாரமே ஒரு முருங்கைக் கம்பை ஊன்றினாள். கிணற்றடியில் இரண்டு வாழைக்கன்று வைத்தாள். எனக்குச் சிரிப்பாக வந்தது.

"அக்கா, இது காய்க்கியதுக்குள்ள நீங்க வேற ஊருக்குப் போயிருவிய."

"போனா என்ன? காய்க்கப்போறது மரமாக்கும். நானா?"

சார் உள்ளேயிருந்து குரல் கொடுத்தார். "இவ வச்ச வாழையில கொலை வெட்டித் தின்னவனுவ நெய்யாற்றிங்கரை தாலூக்கா முழுக்க உண்டு. எனக்கு மட்டும் இதுவரைக்கும் ஒரு பழம் கிட்டல்ல."

அவர் விளையாட்டாகச் சொன்னதாகத்தான் நினைத்தேன். ஒரு விசேஷத்துக்காகப் பிறந்த வீட்டுக்குப் போயிருந்தபோது என் சின்னம்மை ஒரு கதை சொன்னாள். அவள் வாடகைக்குப் போன வீட்டில், கதவைத் திறந்தால் சுவரெல்லாம் புதுச் சுண்ணாம்பு மணம். அடுப்படியில் கீறி அடுக்கிய விறகு. பானை நிறையத் தண்ணீர், மேலே மூடி. ஒரு சிரட்டையில் உப்பு. உத்தரத்தில் ஒரு வாழைக்குலை தொங்கிக்கொண்டிருந்ததாம். "ஆரோ நம்மள விருந்துக்கு விளிச்சிட்டு வெளிய போன மாதிரி இருந்தது பிள்ளே" என்றாள். முன்னால் இருந்தது யார் என்று கேட்டேன். ஒரு தமிழ் சாரும் அவருடைய மனைவியும் என்றாள்.

திரும்பி வந்ததும் நேரே அக்காவிடம் போனேன். "காஞ்சிரங்குளத்தில வாழைக்குலை கெட்டித் தொங்கவிட்டது நீங்களாக்கும், இல்லியா?"

அக்கா ஒரு நிமிடம் யோசித்தாள். பிறகு முகமெல்லாம் மலர, "பழுத்துதா?" என்று கேட்டாள். அவளுக்குத் தெரிய வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

எதற்காக இப்படிச் செய்கிறாள் என்று கேட்டால் ஒவ்வொரு முறையும் ஒவ்வொரு பதில் வரும். "வண்டியில பாரம் கொறையுமே" என்பாள். "சாருக்குச் சாமான் தூக்கத் திராணி கிடையாது" என்பாள். ஒருமுறை மட்டும், "வாறவளுக்கு நம்ம அழுக்கு எதுக்கு மக்கா? அவளுக்கு அவளுக்க அழுக்கு போதும்" என்றாள்.

எனக்கு அது அப்போது முழுவதும் பிடித்தது என்று சொல்ல மாட்டேன். நான் பிறந்த வீட்டை விட்டுக் கிளம்பும்போது தூணைக் கட்டிப்பிடித்து அழுதவள். இருந்த வீட்டில் நம் அடையாளம் கொஞ்சமாவது கிடக்க வேண்டாமா? அக்கா இருந்த வீட்டில் அவள் இருந்ததற்கான சுவடே இருக்காது. அவள் மனசில் ஈரம் இருக்கிறதா, இல்லையா என்றே சில நேரம் சந்தேகம் வரும். முந்தின ஊரைப் பற்றியோ வீட்டைப் பற்றியோ அவளாக ஒரு வார்த்தை பேசமாட்டாள். ஒருமுறை விட்ட வீட்டுப் பக்கம் மறுபடி எட்டிப் பார்த்ததும் கிடையாது.

அந்த வருஷங்களில்தான் போராட்டம் முற்றியது. தமிழ் பேசுகிற தாலூக்காக்களைத் தமிழ்நாட்டோடு சேர்க்க வேண்டும் என்று கூட்டம், ஊர்வலம், கடையடைப்பு. எங்கள் வீடுகளில் பேசுவது தமிழ். சந்தைக்குப் போனால் பாதி மலையாளம். இரண்டும் ஒரே வாயில் கிடந்து புழங்கியவைதான். இப்போது ஒருவன் வாயைத் திறந்தால் எந்தப் பக்கம் என்று உற்றுப் பார்க்கும்படி ஆயிற்று. தெற்கே துப்பாக்கிச் சூடு நடந்த செய்தி வந்த அன்று எந்த வீட்டிலும் உலை வைக்கவில்லை.

என் கணவர் சின்னப் பலசரக்குக் கடை வைத்திருந்தார். கோபக்காரர். கடையைப் பூட்டிவிட்டு ஊர்வலத்தில் போனார். பிடித்துக்கொண்டு போனார்கள். சில நாள் லாக்கப்பில் வைத்திருந்து வெளியே விட்டார்கள். வரும்போது வலது கை முழங்கையிலிருந்து வீங்கியிருந்தது. யார் அடித்தது, எப்படி என்று அவர் சொல்லவேயில்லை. அக்காதான் தினமும் காலையில் முறிவெண்ணெயைச் சுடவைத்துக் கொண்டு வந்து தருவாள். வீக்கம் வடிந்தது, ஆனால் கை பழைய கையாகவில்லை. தராசைப் பிடித்தால் நடுங்கும். வந்தவர்கள் பார்க்காதபடி இடது கைக்கு மாற்றிக்கொள்வார்.

பிறகு ஒருநாள் எல்லை முடிவாயிற்று. களியக்காவிளை அந்தப் பக்கம், தமிழ்நாட்டில். நாங்கள் இந்தப் பக்கம், கேரளத்தில். இரண்டுக்கும் நடுவே ஒரு குட்டித்தூக்கம் போடக்கூட நேரமாகாத பஸ் பயணம். என் கணவர் கடை வாசலில் பலகையைத் திறக்காமலே வெகுநேரம் உட்கார்ந்திருந்தார்.

சாருக்கு எல்லைக்கு அப்பால், குழித்துறைப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை கிடைத்தது. அவர்கள் காலி செய்கிற பாதிக்கு யார் வரப்போகிறார்கள் என்று கேட்டபோது வீட்டுச் சொந்தக்காரர் தயங்கித் தயங்கிச் சொன்னார். வடக்கேயிருந்து மாற்றலாகி வரும் ஒரு போலீஸ்காரர் குடும்பம்.

கிளம்புவதற்கு முந்தைய நாள் அக்கா சுண்ணாம்பு கரைத்து, முழங்கை வரை வெள்ளையாகச் சுவரடித்துக்கொண்டிருந்தாள். நான் வாசலில் நின்றேன். எனக்குப் பொறுக்கவில்லை.

"இந்த ஒரு தடவ வேண்டாம் அக்கா. வாறது ஆருன்னு அறியலாம் இல்லியா?"

"அறியலாம் மக்கா" என்றாள். மட்டையைச் சுண்ணாம்பில் தோய்த்தாள். "கைக்குழந்தை உண்டாம். சொந்தக்காரரு சொன்னாரு."

மறுநாள் காலையில் வண்டி வந்தது. சாமான்களை ஏற்றிக் கயிறு கட்டியாயிற்று. அக்கா கடைசியாகக் கிணற்றிலிருந்து தண்ணீர் கோரிப் பெரிய மண்பானையை நிறைத்து அடுப்படியில் வைத்தாள். அந்த நேரத்தில் என் கணவர் அவர்களை வழியனுப்ப உள்ளே வந்தார். வெள்ளையடித்த சுவரைப் பார்த்தார். விறகைப் பார்த்தார். பானையைப் பார்த்தார்.

"இது ஆருக்கு?"

"வாறவளுக்குத் தம்பி."

"அவளுக்க மாப்பிள ஆருன்னு அறியலாமா உங்களுக்கு?"

"போலீஸுக்காரன்."

"அறிஞ்சிட்டுதான் வெள்ளம் கோரி வைக்கியளா?" என்றவர் வலது கையைத் தூக்கி அவள் முகத்துக்கு நேரே காட்டினார். அது நடுங்கியது. "இதைப் பாத்துக்கிட்டும் வைக்கியளா?"

அக்கா பதில் சொல்வதற்குள் காலை ஓங்கிப் பானையை உதைத்துவிட்டார். பானை உடைந்து தண்ணீர் அடுப்படி முழுக்க ஓடி, விறகு நனைந்து, சுவரோரம் அடித்த புதுச் சுண்ணாம்பும் கரைந்தது.

அக்கா அவரருகே உட்கார்ந்தாள். குனிந்து அவருடைய பாதத்தைப் பிடித்துப் பார்த்தாள்.

"தம்பி, காலில ஓடு குத்திச்சா?"

அவ்வளவுதான் கேட்டாள். என் கணவர் அப்படியே ஈரத்தரையில் உட்கார்ந்துவிட்டார். லாக்கப்பிலிருந்து வந்த அன்றுகூட அழாத மனிதர், அந்த வெறும் வீட்டில் எல்லாரும் பார்க்க விம்மி விம்மி அழுதார். சார் வந்து பக்கத்தில் உட்கார்ந்து அவருடைய தோளில் கை வைத்தார். அவருக்கும் கண் நிறைந்திருந்தது. இத்தனை நாள் எந்த மண்ணுக்காகக் கத்தினார்களோ அந்த மண்ணில் ஒருவர் தங்கப் போகிறார், மற்றவர் விட்டுவிட்டுப் போகிறார்.

அக்கா ஓட்டுச் சில்லுகளைப் பொறுக்கித் தூரப் போட்டாள். பிறகு வண்டிக்குப் போய், கட்டிய கயிற்றை அவிழ்த்து, உள்ளேயிருந்து அவளுடைய பித்தளைக் குடத்தை உருவி எடுத்தாள்.

"அது ஒனக்க அம்மை தந்தது இல்லியா?" என்றார் சார்.

"குழித்துறையில மண்பானை கிட்டாமலா போவும்?" என்றாள் அக்கா.

குடத்தை நிறைத்து வைத்துவிட்டு வண்டியில் ஏறும் முன் என் கையைப் பிடித்தாள். "அவ வந்தா நீ ஒரு வார்த்தை பேசணும், கேட்டியா. புது எடத்தில மொதல் நாளு ஆராவது பேசல்லன்னா பெண்ணுங்களுக்கு நெஞ்சு அடைச்சுப் போவும்."

மத்தியானத்துக்கு மேல் அவர்கள் வந்தார்கள். அந்தப் போலீஸ்காரரின் மனைவிக்கு என்னைவிட வயது குறைவு. இடுப்பில் ஒன்று, வயிற்றில் ஒன்று. வெயிலில் முகம் கறுத்திருந்தது. உள்ளே போனவள் வெகுநேரம் வெளியே வரவில்லை. பிறகு வாசலில் வந்து நின்று என்னைப் பார்த்தாள். அழுதிருக்கிறாள் என்று தெரிந்தது.

"ஆரா சேச்சி, வெள்ளமொக்கெ வச்சிட்டுப் போயது?"

"முன்னெ இருந்த அக்காவாக்கும்" என்றேன்.

"இவிட ஆரும் ஒரு துள்ளி வெள்ளம் தரில்லெந்நு பறஞ்ஞு எல்லாரும் என்னெ பேடிப்பிச்சு" என்றாள். இங்கே ஒரு சொட்டுத் தண்ணீர்கூட யாரும் தரமாட்டார்கள் என்று பயமுறுத்தி அனுப்பியிருக்கிறார்கள். நான் குழந்தையை வாங்கிக்கொண்டேன். வேறென்ன செய்ய?

என் கணவர் அந்தப் போலீஸ்காரரிடம் கடைசிவரை பேசியதில்லை. வழியில் எதிர்ப்பட்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். ஆனால் சில மாதம் கழித்து ஒரு பட்டப்பகலில் அந்தப் பெண்ணுக்கு நோவு எடுத்தபோது, அவளுடைய கணவர் டியூட்டியில் இருந்தார். கடையைத் திறந்தபடியே போட்டுவிட்டு, சைக்கிளில் மருத்துவச்சியை ஏற்றிக்கொண்டு வந்தவர் இவர்தான். அந்தக் கையோடு எப்படி ஓட்டினார் என்று நானும் கேட்கவில்லை.

அவர்கள் மாற்றலாகிப் போனபோது அந்தப் பெண்ணும் வீட்டைப் பெருக்கி, பித்தளைக் குடத்தை நிறைத்து வைத்துவிட்டுப் போனாள். அடுத்து வந்த குடும்பம் சில வருஷம் இருந்துவிட்டுக் குடத்தையும் எடுத்துக்கொண்டு போயிற்று. அதற்கப்புறம் அது எந்த வீட்டு அடுப்படியில் இருக்கிறதோ. முருங்கை ஒரு மழைக்காலத்தில் முறிந்து விழுந்தது. நாங்கள் கொஞ்சம் தள்ளி இடம் வாங்கி வீடு கட்டினோம். ஓட்டு வீட்டை இடித்துவிட்டார்கள். இன்று அங்கே ஒரு டயர்க்கடையும் செல்போன் கடையும். அந்த வழியாகப் போகும்போது என் வீடு எது, அக்காவின் வீடு எது என்று கணக்குப் பார்ப்பேன். நடுச்சுவர் எங்கே இருந்தது என்றே பிடிபடுவதில்லை.

அக்காவோடு தொடர்பு விட்டுப்போகவில்லை. குழித்துறைப் பக்கம் கல்யாணம், இழவு என்று போனால் ஓர் எட்டுப் போய்ப் பார்த்துவிட்டு வருவேன். சார் ஓய்வுபெற்றுக் கொஞ்சநாளில் காலமாகிவிட்டார். அதன்பின் அவள் தனி. என் கணவரும் போனபிறகு நாங்கள் இரண்டு பேரும் இன்னும் நெருங்கிவிட்டோம்.

ஒருநாள் நான் கிளம்பும்போது கேட்டாள். "மக்கா, எனக்க கூட ஒரு நாளு வெள்ளறடைக்கு வருவியா? பண்டு இருந்த வீடு ஒண்ணு அங்க உண்டு."

நான் திகைத்துப் போனேன். இவளா கேட்கிறாள்? ஏன் என்று கேட்காமல் சரி என்றேன்.

கேரளப் பக்கம் இருக்கும் வெள்ளறடையில் பஸ்ஸைவிட்டு இறங்கி ஒரு ஆட்டோ பிடித்தோம். இரண்டு பக்கமும் ரப்பர் மரம். வழி கேட்டுக் கேட்டு ஏறினோம். அக்கா சொன்ன ஓலை வீடு அந்த இடத்தில் இல்லை. சின்னக் கான்கிரீட் வீடு நின்றது. முற்றத்துக் கொடியில் ரப்பர் ஷீட் காயப்போட்டுக்கொண்டிருந்த பெண்ணுக்கு என் வயது இருக்கும். கழுத்தில் சிலுவைச் சங்கிலி. யார் எவர் என்று தெரியாமலே, "ஏறி வாருங்க, வெயிலு கொள்ளாதங்க" என்று கூப்பிட்டு உட்காரவைத்தாள். கட்டன் சாயாவும் அவித்த மரச்சீனிக் கிழங்கும் வந்தன.

அக்கா தான் யாரென்று சொல்லவில்லை. டம்ளரைக் கையில் வைத்தபடி கிணற்றுக்குத் தெற்கே பார்த்துக்கொண்டிருந்தாள். நானும் பார்த்தேன். விளைநிலம் முழுக்க ரப்பர் வரிசையாக நின்றது. அந்த ஓர் இடத்தில் மட்டும் மரமில்லை. வெறும் புல். பேச்சுக்கு ஏதாவது கேட்க வேண்டுமே என்று கேட்டேன்.

"அங்க மட்டும் ஏன் மரம் வைக்கல்ல?"

"அங்க நாங்க மண்ணைக் கிளைக்க மாட்டோம்" என்றாள் அந்தப் பெண். "இந்த எடம் வாங்கியதுக்கு முன்னெ இஞ்ச வாடகைக்காக்கும் வந்தோம். அப்போ எனக்குக் கல்யாணம் முடிஞ்ச புதுசு. வந்து கதவைத் தொறந்தா வீடு வெள்ளையடிச்சு, வெறகு கீறி, குடிக்க வெள்ளமும் நெறச்சு வச்சிருக்கு. இப்படியும் ஒருத்தியான்னு அடுத்த வீட்டில கேட்டேன். அவளுக்க ஆம்பிளப்பிள்ள, ஓடி நடக்கிய பருவம், காய்ச்சலில போச்சு, அங்கயாக்கும் அடக்கினதுன்னு சொன்னாவ. அடக்கி ரெண்டு மாசத்தில மாற்றலு வந்து போயிட்டாவளாம். எங்க வீட்டு ஆளு நாலு மரம் வைக்கலாம்னு எத்தன தடவ கேட்டாவ. அவ வச்ச வெள்ளத்தைக் குடிச்சிட்டு அங்க மம்மட்டி போட முடியுமான்னு கேட்டேன். பின்ன கேக்கல்ல."

நான் அக்காவைப் பார்க்கவில்லை. பார்க்கத் தைரியம் வரவில்லை. டம்ளர் கீழே வைக்கப்படும் சத்தம் மட்டும் கேட்டது.

அந்தப் பெண் திரும்பினாள். அக்காவின் முகத்தைப் பார்த்தாள். மெதுவாக எழுந்து வந்து அவள் முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள்.

"அம்மா... நீங்களா?"

அக்கா அவளுடைய கன்னத்தைத் தொட்டாள். "வீட்டை ஒனக்கு நல்லா வச்சுத் தந்தா, நீ அவனைப் பாத்துக்கிடுவன்னு நெனச்சேன் மக்கா" என்றாள். "வேற என்ன தர எனக்கு? பின்ன போன எடத்தில எல்லாம் அதுவே பழகிப்போச்சு."

அந்தப் பெண் அவளைக் கைப்பிடித்துக் கூட்டிக்கொண்டு போய்ப் புல்லில் விட்டுவிட்டுத் திரும்பி வந்தாள். நாங்கள் இரண்டு பேரும் முற்றத்தில் உட்கார்ந்தோம். ரப்பர் மரங்களுக்கு நடுவே அக்காவின் வெள்ளைத் தலை மட்டும் தெரிந்தது. ஒரு கையைத் தரையில் ஊன்றி உட்கார்ந்திருந்தாள்.

வெயில் சாய்ந்தபோது சேலையைத் தட்டிக்கொண்டு எழுந்து வந்தாள். "வா மக்கா, பஸ்ஸு போயிரும்" என்றாள். அந்தப் பெண் ஒரு பையில் கிழங்கு கட்டிக் கொடுத்தாள். அக்கா மறுக்காமல் வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள்.

பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தாள். காற்று முகத்தில் பட்டதும் என் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டாள். பகலில் அவள் கண்ணயர்ந்து நான் பார்த்ததேயில்லை. பனச்சமூட்டில் செக்போஸ்டு வந்தது. வண்டி நின்றது. ஒருவர் ஏறிப் பைகளைப் பார்த்துக்கொண்டே வந்தார். எங்கள் இருக்கையருகே வந்ததும் நான் விரலை உதட்டில் வைத்துக் காட்டினேன். அவர் பையைத் தொடாமல் அடுத்த இருக்கைக்குப் போனார். வண்டி எல்லையைத் தாண்டியது. நான் அவளை எழுப்பவில்லை.